லண்டன் நைனாவுக்கு ரெஸ்ட்

போன வாரம் ஸ்ரீ சிட்டி தொழிற்பேட்டையில் எங்கள் கம்பெனியில் கரண்ட் போனது. கரண்ட் போவதெல்லாம் ஒரு விஷயமா என்று கேட்பீர்கள். எங்கள் இடத்தில் விஷயம்தான். ஜெனரேட்டர் எடுத்துக்கொள்வதற்குள் ஒரு சின்ன இடைவெளி வரும். பெல்ட் நின்று, ஃபேன் நின்று, கம்ப்ரஸர் நின்று, அத்தனை இரைச்சலும் ஒரே நேரத்தில் அடங்கிப்போகும். அந்த இடைவெளியில் நான் எதையோ முனகியிருக்கிறேன். எனக்கே தெரியாது. பேக்கிங்கில் வேலை பார்க்கும் தனலட்சுமி, தடா பக்கத்திலிருந்து பஸ்ஸில் வருகிற பெண், திரும்பிப் பார்த்தாள்.

"இன்னா பாட்டு சார் அது? எந்தப் படம்?"

"படம்லாம் இல்லம்மா. அப்படி ஒரு பாட்டே இல்ல."

"இல்லாத பாட்டயா பாடிக்கினு இருந்தீங்க?"

ஜெனரேட்டர் வந்து என்னைக் காப்பாற்றியது. ஆனால் அதற்குப் பிறகு எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. எனக்கு எப்போதுதான் இருப்புக் கொண்டது? உட்கார்ந்தால் கால் ஆடும், நின்றால் விரல் தாளம் போடும். இதுவரை மாறிய வேலைகளைச் சொன்னால் பெண் கொடுத்த மாமனாரே வருத்தப்படுவார். அவற்றில் மனசார உட்கார்ந்து செய்த வேலை ஒன்றே ஒன்றுதான், அது திருப்பதியில். அந்த வேலையை நினைத்தாலே எனக்குச் சந்தன வாசனை வரும்.

ஆபீசில் யாரும் சந்தனம் பூசிக்கொள்ளவில்லை. கீழே ஒரு கடை. மொட்டையடித்துக்கொண்டு வருகிறவர்களுக்குத் தொப்பியும் சந்தனமும் விற்கிற கடை. அந்த வாசனை படியேறி எங்கள் மாடிக்கு வந்து ஏசிக்குள் சுற்றிக்கொண்டே இருக்கும். தெருவில் ஜீப்காரர்கள் "கொண்டகி, கொண்டகி" என்று மலைக்கு ஆள் கூப்பிடுவது காலையிலிருந்து மாலை வரை கேட்கும். அதற்கு நடுவில் நாங்கள் இங்கிலாந்து சங்கீதத்தை டைப் அடித்துக்கொண்டிருந்தோம்.

விளம்பரத்தில் டேட்டா என்ட்ரி என்றுதான் இருந்தது. போன பிறகுதான் தெரிந்தது, பிரிட்டனில் ஒரு இசைப் பதிப்பகம், அங்கே இசையமைப்பாளர்கள் கையால் எழுதுகிற நொட்டேஷனை, அதாவது இசைக் குறிகளை, ஸ்கேன் செய்து அனுப்பும், அதை நாங்கள் கம்ப்யூட்டரில் ஏற்றி அச்சுக்குத் தயாராக்கித் தர வேண்டும். எங்களில் ஒருவருக்கும் ச ரி க ம கூடத் தெரியாது. தெரியாதவர்களைத்தான் முதலாளி தேடி எடுத்தார். தெரிந்தவன் திருத்திவிடுவான், தெரியாதவன் பார்த்ததை அப்படியே போடுவான் என்பது அவருடைய கணக்கு. நகரி பக்கத்திலிருந்து ரயிலேறிப் புத்தூர், ரேணிகுண்டா என்று தொங்கிக்கொண்டு வருவேன். வேலையைப் பற்றி வீட்டில் சொன்னபோது, மாந்தோப்புக் குத்தகைக்காரர்களிடம் கூலிக்குப் போய்க்கொண்டிருந்த என் அப்பா சந்தேகமாகப் பார்த்தார்.

"உக்காந்து செய்ற வேலயா? நீயா?"

உட்கார்ந்தேன். கால் மட்டும் ஆடியது. அதில் பக்கத்து சீட் கஸ்தூரியின் மானிட்டரும் ஆடும். கஸ்தூரி சித்தூர்ப் பக்கத்துத் தமிழ்ப் பெண், ஆபீசின் வாய் அவள். "உன் கால நிறுத்துப்பா. அவுங்க ஒண்ணு எழுதினா எனக்கு ரெண்டா தெரியுது" என்பாள். குறிகளுக்கெல்லாம் பெயர் வைத்தவளும் அவள்தான். வரியின் முதலில் சுருட்டிக்கொண்டு நிற்குமே, அது ஜாங்கிரி. தடித்த குரல் வாத்தியத்துக்கு வரும் இன்னொன்று, பக்கத்தில் இரண்டு புள்ளியோடு வளைந்திருக்கும், அது தோடு போட்ட காது. வாசிக்காமல் சும்மா இருக்கச் சொல்கிற குறிக்கு இங்கிலீஷில் ரெஸ்ட் என்று பெயர். குறிகள் உட்காருகிற ஐந்து கோடுகள் எங்களுக்குக் கம்பி, குறுக்குக் கோடு பிரிக்கிற இடம் கட்டம். முழுக் கட்டத்துக்கும் சும்மா இருக்க வேண்டுமென்றால் கம்பியிலிருந்து ஒரு கறுப்புத் துண்டு தொங்கும். அது தொங்கட்டான். தொங்கட்டான் நிறைந்த பக்கம் வந்தால் எங்களுக்குள் அடிபிடி நடக்கும், ஏனென்றால் வேலை குறைவு.

பல பேருடைய எழுத்து வரும். ஆனால் எங்கள் மூன்று பேருக்கு, கஸ்தூரிக்கும் எனக்கும் டீம் லீடர் மதுவுக்கும், ஒரு பெரியவரைத்தான் நிரந்தரமாக ஒதுக்கியிருந்தார்கள். பெயர் எங்கள் வாயில் நுழையவில்லை. அவர் இருந்தது ஏதோ கடற்கரை ஊர். எங்களுக்கு அந்தப் பக்கம் எல்லாமே லண்டன்தான். லண்டன் நைனா என்று கஸ்தூரி பெயர் வைத்தாள். நைனா என்றால் எங்கள் பக்கத்தில் அப்பா.

நைனாவின் வாழ்க்கையும் எங்களிடம் டைப்புக்குத்தான் வந்தது, புத்தகத்தின் முன்பக்கத்தில் போட. துறைமுகத்தில் மீன் பெட்டி தூக்கியவர் மகன். சர்ச்சில் பாடிக்கொண்டிருந்த பையன், குரல் உடைந்ததும் பாட்டை விட்டு எழுத ஆரம்பித்திருக்கிறார். பள்ளிக்கூட வாத்தியாராக இருந்துகொண்டே ஒரு பெரிய மேடை இசை நாடகம் எழுதினார். முதல் நாளே பாதியில் ஜனங்கள் எழுந்து போய்விட்டார்கள். அதன் பிறகு நெடுங்காலம் ஒரு வரி எழுதவில்லை. கடலோரம் வீடு பார்த்துப் போய், பறவைகளைக் கேட்டுக்கொண்டு நடந்து நடந்து, வயதான பிறகுதான் மறுபடி பேனா எடுத்தார். இதை டைப் அடித்த அன்று கஸ்தூரி சாப்பிடவே இல்லை. "எய்ந்து போனானுங்களே, அவனுங்க வூட்டுல சோறு துன்னிருப்பானுங்களா?" என்று யாரோ எங்கள் வீட்டுப் பந்தியிலிருந்து எழுந்து போனதைப் போலக் கோபப்பட்டாள்.

அவர் காகிதத்தின் ஓரத்தில் என்னென்னவோ கிறுக்குவார். மெதுவாக, வேகமாக என்று வாசிப்பவருக்குச் சொல்வதும் அங்கேதான் இருக்கும், பாதி இத்தாலிய வார்த்தைகள். ஒரு முறை செல்லோ என்கிற தந்தி வாத்தியத்தின் வரிக்குப் பக்கத்தில் மில்க் என்று இருந்தது. மது சாய்வெழுத்தில் அழகாகப் போட்டு அனுப்பிவிட்டான். அது நைனா கடைக்குப் போகும்போது வாங்க வேண்டிய பால். பதிப்பகத்திலிருந்து சிரித்துக்கொண்டே திருப்பி அனுப்பினார்கள். அதற்குப் பிறகு மதுவுக்குப் பால்காரன் என்று பெயர்.

இவ்வளவும் எதற்குச் சொல்கிறேன் என்றால், அவர் கையெழுத்து எங்களுக்கு அவ்வளவு பழக்கம். கடைசியாக ஒன்று வந்தது, நான்கு பேர் வாசிக்கிற தந்தி வாத்தியக் கச்சேரிக்கு. கை நடுங்கியிருந்தது. புள்ளிகள் கம்பியை விட்டு வழுக்கியிருந்தன. நடுவில் ஒரு பக்கத்தில், நெருக்கி நெருக்கி எழுதிக்கொண்டே வந்தவர், ஒரு வரி முழுக்கக் காலியாக விட்டிருந்தார். நான்கு வாத்தியத்துக்கும் வெறும் கம்பி. அடுத்த வரியில் மறுபடி தொடங்கிவிட்டார்.

மற்றவர்கள் காலியாக விட்டால் ரெஸ்ட் போட வேண்டும், அது ஆபீஸ் விதி. ஆனால் நைனா காலியாக விடுகிற ஆள் இல்லை. சும்மா இருக்க வேண்டிய இடத்திலும் ஒவ்வொரு கட்டத்துக்கும் பேனாவை அழுத்தித் தொங்கட்டான் போடுவார். அப்படிப்பட்டவர் விட்டிருக்கிறார் என்றால், அது மௌனமா, மறதியா? அங்கே ஒரு பாட்டு இருந்து, கை எட்டும் முன் நழுவிவிட்டதா? எனக்கு மண்டை குடைந்தது. என் கால் ஆட்டத்தில் அன்றைக்கு மூன்று மேசையும் ஆடியிருக்கும்.

சந்தேகம் கேட்டு மெயில் அனுப்பினேன். பக்கத்தையும் வரியையும் குறிப்பிட்டு, காலியாக இருக்கிறது, ரெஸ்ட்டா என்று. நைனா கம்ப்யூட்டர் தொடமாட்டார், மனைவிதான் பதில் போடுவார். பதில் வரத் தாமதமானது. வந்தபோது ஒரே வரிதான் இருந்தது. அவருக்கு ரெஸ்ட் தேவை.

"வந்துடுச்சு பாரு. போடு" என்றான் மது. அவன் தெலுங்குக்காரன், எங்களோடு பழகிப் பழகி எங்கள் தமிழையே பேசுவான்.

"டேய், இது பாட்டுக்கு ரெஸ்ட்டா, ஆளுக்கு ரெஸ்ட்டா?"

"ரெண்டுக்கும் சேத்துப் போடு. அச்சுக்கு நாள் இல்ல."

"உடம்பு சரியில்லாம படுத்துக்கினு இருப்பாருடா."

"அதான் ரெஸ்ட்டு."

கஸ்தூரி சிரிக்கவில்லை. இன்னொரு மெயில் அடித்துக் கொடுத்தேன். ஒரே கேள்வியை இரண்டு தரம் கேட்டால் கம்பெனி மானம் போகும் என்று மது அதை அனுப்பவில்லை. அந்தப் பக்கம் கஸ்தூரியிடம் இருந்தது. வரி முழுக்கத் தொங்கட்டான்களை மாட்டினாள். மாட்டிவிட்டு எழுந்து போய்க் கை கழுவிக்கொண்டு வந்தாள்.

கச்சேரி ஒரு ஞாயிற்றுக்கிழமை. அங்கே காலை, இங்கே டீ நேரம். இன்டர்நெட்டில் நேரலையாகக் காட்டுகிறார்கள் என்று தெரிந்து, மது சாவி வாங்கி ஆபீசைத் திறந்தான். எங்கள் கம்ப்யூட்டர்களில் ஸ்பீக்கர் கிடையாது, வைத்தால் சினிமாப் பாட்டுக் கேட்போம் என்று முதலாளிக்குப் பயம். கஸ்தூரி வீட்டு ஸ்பீக்கரைத் தூக்கிக்கொண்டு வந்திருந்தாள். அத்தனை காலம் அடித்தும் நைனாவின் இசையை நாங்கள் காதால் கேட்டது அன்றுதான் முதல் முறை. உண்மையைச் சொல்லிவிடுகிறேன், ஆரம்பத்தில் எங்கள் வீட்டுக் கொட்டகைக் கதவைத் திறந்து திறந்து மூடுகிற மாதிரி இருந்தது. பிறகு அந்தக் கீச்சுக்குள்ளிருந்து ஏதோ ஒன்று மெல்ல எழுந்து நடந்து வந்தது. கடற்கரையில் தனியாக நடக்கிற ஆள் எனக்குத் தெரிந்தார். மது பகோடாவைக் கையில் வைத்துக்கொண்டு வாயில் போட மறந்து உட்கார்ந்திருந்தான்.

நெருக்கி நெருக்கி எழுதிய பக்கம் வந்தது. எங்கள் மூன்று பேருக்கும் தெரியும் அடுத்தது என்ன என்று. நின்றது. நான்கு பேரும் வில்லைத் தூக்கியபடி அசையாமல் இருந்தார்கள். எங்கள் ஆபீசில் "கொண்டகி, கொண்டகி" மட்டும் கேட்டது. நான் எழுந்து போய் ஜன்னலைச் சாத்தினேன்.

அப்போதுதான் அந்தக் குரல் வந்தது. கிழட்டுக் குரல், உடைந்த குரல், மேடையிலிருந்து அல்ல, கூட்டத்துக்குள்ளிருந்து. முனகல்தான், ஆனால் தெளிவான பாட்டு. காமிரா வாசிப்பவர்களை விட்டு நகரவில்லை. யாரோ உஷ் என்றார்கள். குரல் நிற்கவில்லை. அது முடிகிற இடத்தில் நான்கு வில்லும் இறங்கின. விட்ட இடத்தில் தொட்டன. கையோடு கை கோத்த மாதிரி அவ்வளவு சரியாகப் பொருந்தியது.

"அய்யோ, அக்கட பாட்ட உந்திரா" என்றான் மது. அங்கே பாட்டு இருக்கிறதடா என்று அர்த்தம். கஸ்தூரி முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள்.

மறுநாளே பதிப்பகத்துக்கு எழுதினேன், கூட்டத்தில் பாடியது அவராகத்தான் இருக்கும், அந்தக் குரலைக் கேட்டு அதை எழுதிச் சேர்த்துவிடுங்கள் என்று. அச்சுப்படியை நைனா பார்த்து ஒப்புதல் கொடுத்துவிட்டார், அக்கறைக்கு நன்றி என்று பதில் வந்தது. அவர் பார்த்தாரா, மனைவி பார்த்தாரா, யாருக்குத் தெரியும். சில மாதத்தில் நைனா போய்விட்டார். பிறகு கையெழுத்தைத் தானே படித்துக்கொள்ளும் சாஃப்ட்வேர் வந்தது, எங்கள் ஆபீஸ் போனது. மது பெங்களூர் போனான், நம்பர் மாறிவிட்டது. அந்த நேரலையையும் எடுத்துவிட்டார்கள். ஆளில்லாத அரங்கில் வாசித்துப் பதிவு செய்ததுதான் இப்போது கிடைக்கிறது. கேட்டுப் பார்த்தேன். அந்த இடத்தில் ஒரு தும்மல்கூட இல்லை, அவ்வளவு சுத்தம். அந்த மௌனத்தைத்தான் எல்லோரும் புகழ்கிறார்கள். கடல் உள்வாங்கி நிற்கிற கணமாம்.

தனலட்சுமி கேட்ட அன்று சாயங்காலம் கஸ்தூரிக்கு போன் போட்டேன். சித்தூரில் ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறாள். நான் முனகியது நைனாவின் அந்தப் பாட்டைத்தான், உனக்கு ஞாபகம் இருக்கிறதா என்று கேட்டேன்.

"அத எப்டி மறப்பேன்? தோச ஊத்தும்போது நெதம் அதான்" என்று பாடிக் காட்டினாள்.

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. முடிகிற இடத்தில் அவளுடைய மெட்டு மேலே ஏறியது. என்னுடையது கீழே இறங்கும்.

"தப்பாப் பாடுற கஸ்தூரி."

"நீதான் எதோ சினிமாப் பாட்ட கலந்துட்ட. எங்க, நீ பாடு."

பாடினேன். கடைசியில் அது மேலே ஏறிவிட்டது. மறுபடி பாடினேன், மறுபடி ஏறியது. அவளுடையதைக் கேட்ட காது என்னுடையதை விழுங்கிவிட்டது. கீழே எப்படி இறங்குவேன் என்று எனக்கே தெரியவில்லை. இத்தனை வருஷம் பத்திரமாக வைத்திருந்ததை ஒரு போனில் தொலைத்துவிட்டு நின்றேன்.

"பாத்தியா, நீயும் அப்டிதான் பாடுற" என்றாள் அவள்.

ராத்திரி தூக்கம் பிடிக்கவில்லை. அப்புறம்தான் தோன்றியது, கலப்படம் ஆவதற்கு முன்னால் என் வாயிலிருந்து கடைசியாகக் கேட்டது தனலட்சுமி அல்லவா. காலையில் ஷிஃப்ட் பஸ் வந்து நின்றதும் ஓடிப்போய் நின்றேன்.

"நேத்து கரண்ட் போனப்ப நான் ஒண்ணு பாடினேனேம்மா. கடைசில எப்டி முடிஞ்சுது, ஞாபகம் இருக்கா?"

அவள் என்னைப் பாவமாகப் பார்த்தாள்.

"அப்டி ஒரு பாட்டே இல்லன்னு நீங்கதான சார் சொன்னீங்க. இல்லாதத எதுக்கு சார் ஞாபகம் வெச்சுக்கினு இருக்கப்போறேன்?"