பூ வைக்கப் போன அன்று

என் அண்ணன் மருதுபாண்டிக்கு முப்பத்துமூன்று வயது. கானாடுகாத்தானில் பழைய பெரிய வீடொன்றை ஓட்டலாக்கியிருக்கிறார்கள். அங்கே வரவேற்பில் வேலை. வீட்டில் வாயைத் திறந்தால் முத்து உதிர்ந்துவிடும் என்பதுபோல் இருப்பான். இணையத்திலோ வேறு பெயரில், ஆணும் ஆணும் காதலிக்கிற தொடர்கதைகள் எழுதுகிறான். வாசகர்களின் காதல் சிக்கல்களுக்கு யோசனையும் சொல்கிறான். ஒரு கதையில் நாயகனின் தங்கை ஐந்து வயதில் கம்மல் திருகாணியை விழுங்கிவிட்டு, மூன்று நாள் வாழைப்பழமே தின்பாள். அந்தக் கூத்து நாச்சியாபுரத்தில் எங்கள் வீட்டில் நடந்தது. விழுங்கியவள் நான். அப்படித்தான் கண்டுபிடித்தேன்.

இரண்டு வருடம் சத்தமில்லாமல் வாசித்தேன். அவன் எழுதுவது தன்னைப் பற்றித்தான் என்று புரிந்தது.

போன ஐப்பசியில் அம்மா அவனுக்கு அமராவதிபுதூரில் பெண் பார்த்தாள். அவன் மாட்டேன் என்று சொல்லவில்லை. எங்களில் மாப்பிள்ளையின் தங்கை பெண் தலையில் பூ வைத்துவிட்டால் பேச்சு முடிந்தது. பிறகு பின்வாங்கினால் கெட்ட பெயர் பெண்ணுக்குத்தான். பெயர் சொல்லாமல் அவனுக்கே எழுதினேன்: "எங்கண்ணனுக்கு ஆம்பளைக மேலதான் விருப்பம். வாயத் தொறக்க மாட்டேங்குறான். நான் பூ வைக்கவா?"

மறுநாளே பதில். "வைக்காதீங்க. அந்தப் பொண்ணு என்ன பாவம் செஞ்சா?"

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஊருக்கெல்லாம் நியாயம் சொல்கிற வாய்.

பெண் வீட்டில் பூத்தட்டைக் கையில் கொடுத்ததும் அவனை வாசலுக்கு இழுத்துப் போனேன்.

"அண்ணே, வைக்கட்டா?"

"வையி. அம்மாவுக்காக."

செல்போனில் அவன் எழுதிய பதிலைக் காட்டினேன். முகம் வெளுத்துவிட்டது.

"நீயா?"

"நாந்தான். நீ சொல்றியா, நான் சொல்லவா?"

உள்ளே போய்ப் பெண்ணின் அப்பா முன்னால் நின்றான். "மாமா, எனக்குக் கல்யாணம் வேணாம். உங்க பொண்ணு மேல ஒரு குறையும் இல்ல. முன்னாடியே சொல்லாதது என் தப்பு."

"இதச் சொல்லவா இம்புட்டுப் பேரு வந்தீக? கெளம்புங்க" என்றார் அவர்.

திரும்பும் வழியில் வேனிலேயே அம்மாவிடம் காரணத்தையும் கதை எழுதுவதையும் சொல்லிவிட்டான். பதினோரு நாள் அம்மா அவனோடு பேசவில்லை. பன்னிரண்டாம் நாள் மத்தியானம் என்னை அழைத்தாள். "அவன் எழுதுறத எனக்கு வாசிச்சுக் காட்டு."

நாலு அத்தியாயம் வாசித்தேன். வெற்றிலையைக்கூடத் தொடாமல் கேட்டாள்.

"இந்தப் பையன் அவுக அம்மாகிட்ட எப்பச் சொல்லுவான்?"

"எந்தக் கதையிலயும் அம்மா இல்லம்மா. செத்துப்போனதாத்தான் எழுதுவான்."

அம்மா என் கையிலிருந்த செல்போனைக் காட்டினாள்.

"அவனுக்குப் போனப் போடு. நான் உசுரோடதான் இருக்கேன்னு சொல்லு."