வெள்ளம் கூடாது

எங்கள் டாக்டர் சட்டசபைக்குப் போனது ஊர் செய்த பாக்கியம் என்று சொல்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள். என்னிடம் வந்து சொல்ல வேண்டாம். தக்கலையில் அவருடைய ஆஸ்பத்திரியில் நான் கம்பவுண்டராக இருந்தேன். கைராசிக்காரர்தான், அதில் எனக்குச் சந்தேகம் கிடையாது. கெடுத்தது மேடை.

திருவிதாங்கூரிலிருந்து தமிழ்த் தாலுகாக்களைப் பிரித்து மதராஸோடு சேர்க்க வேண்டும் என்று போராட்டம் சூடுபிடித்திருந்த காலம். எனக்கும் அதில் மறுப்பில்லை. சர்க்கார் ஆபீசுக்கு ஒரு மனு எழுத மலையாளம் தெரிந்தவனைத் தேடி அலைந்தவர்கள்தானே நாங்கள். ஆனால் மேடை ஏறியதும் டாக்டருக்குப் புதுக் கிறுக்கு ஒன்று பிடித்தது. நோயாளி வாயைத் திறந்தால் நாக்கைப் பார்ப்பதை விட்டுவிட்டுச் சொல்லைப் பார்க்க ஆரம்பித்தார். எங்கள் மேற்குப் பக்கத்தில் தண்ணீருக்கு வெள்ளம் என்றுதான் சொல்வோம். அது மலையாளச் சொல்லாம், அவருக்குக் காதில் விழக் கூடாது. "வெள்ளம் கூடாது ஓய், தண்ணீன்னு சொல்லும்" என்று என்னையே ஒருநாள் எல்லார் முன்னாலும் ஏசினார்.

களியக்காவிளைப் பக்கத்துக்காரி ஒருத்தி, வயிற்றுப்போக்கில் துவண்டுபோன இரண்டு வயதுக் குழந்தையைத் தூக்கிக்கொண்டு பஸ்ஸில் வந்தாள். டாக்டர் பார்த்தார், மருந்து எழுதினார். வாசலில் கட்சிக்காரர்கள் காரோடு நின்றார்கள். அவர் துண்டை எடுத்துத் தோளில் போடும்போது அவள் கேட்டாள்.

"பிள்ளைக்கு வெள்ளம் குடுக்கலாமா டாக்டரே?"

"வெள்ளம் கூடாது!" என்று அதட்டிவிட்டுக் காரில் ஏறினார்.

மருந்து கலக்கிக்கொண்டிருந்த நான் சிரித்தேன். இவளும் மாட்டிக்கொண்டாள் என்று சிரித்தேன். அதை நினைத்தால் என்னை நானே அறைய வேண்டும் போலிருக்கிறது.

மறுநாள் காலை திரும்பவும் வந்தாள். குழந்தைக்குக் கண் குழிவிழுந்து, உதடு வெடித்திருந்தது. டாக்டர் ஊரில் இல்லை, எங்கேயோ ஊர்வலம்.

"வெள்ளம் குடுத்தியா?" என்று கேட்டேன்.

"இல்ல. பிள்ள அழுது கேட்டுது. டாக்டரு கூடாதுன்னுல்லா சொன்னாரு."

கரண்டி கரண்டியாக ஊற்றினேன். இறங்கவில்லை. உச்சிப் பொழுதில் குழந்தை போய்விட்டது.

டாக்டர் வந்ததும் நடந்ததைச் சொன்னேன். வெகுநேரம் தலைகுனிந்து உட்கார்ந்திருந்தார். மனுஷன் நொந்துபோய்விட்டார் என்று நம்பினேன், மடையன்.

அடுத்த தேர்தலில் அவர் நின்றார். தக்கலைக் கூட்டத்தில் அந்தக் கதையை எடுத்தார். தாய்மொழி தெரியாத ஒரு தாய் தன் பிள்ளையைப் பறிகொடுத்தாள் என்று சொல்லிக் கண்ணைத் துடைத்தார். பழியை அவள் தலையில் போட்டுவிட்டார், பாவி! அவள் பேசியதும் தமிழ்தான். அவள் கேட்டது ஒரே ஒரு கேள்வி. அதற்குப் பதில் சொல்லக்கூட நேரமில்லாமல் போனவர் இவர். எழுந்து நின்று கத்திவிட வேண்டும் என்று துடித்தேன். முன்வரிசையில்தான் உட்கார்ந்திருந்தேன்.

கூட்டம் கைதட்டியது. அவர் என்னைப் பார்த்தார். நானும் தட்டினேன்.