ஒட்டிய விரல்கள்

காலை பத்து நாற்பதுக்குக் கைத்தொலைபேசி அடித்தபோது எனக்கு விரல்கள் இருக்கவில்லை. பத்தையும் சவ்வு வைத்த இறப்பர் கையுறைக்குள் விட்டு, மணிக்கட்டோடு பசை பூசி ஒட்டியிருந்தார்கள். வாய்க்கு மேல் மீன்வாய். பேச முடியாது. முதுகுத் துடுப்பு காயும்வரை என்னை ஒரு சட்டத்தோடு வாரால் பிணைத்துமிருந்தார்கள். லண்டனுக்கு வெளியே ஒரு படப்பிடிப்புக் கூடம் அது. கடலிலிருந்து எழும்பி ஊரை விழுங்கும் மூன்று பிராணிகளில் நான் ஒன்று. ஊரில் கணக்குப் படிப்பித்தவன். இங்கே கைகொடுத்தது வாவிக்கரையில் பழகிய மூச்சடக்கந்தான்.

சண்டைக்குத் தப்பி, எங்கள் வாகரையை விட்டுச் சனம் காட்டுவழியாக வெளியேறிய கிழமை. என் பதினைந்து வயது மகள் வதனி, என் தங்கையோடு அந்தச் சனத்துக்குள் இருந்தாள். மூன்று நாளாய்த் தகவல் இல்லை. வாழைச்சேனைக்கு வந்துவிட்டால் காசு கட்டிப் பேசுகிற ஏதாவதொரு கொமினிகேஷன் கடையிலிருந்து எடுப்பாள். அங்கிருந்து எடுத்தால் எண் விழாது; எந்தக் கடை என்று தெரியாமல் நான் திருப்பி எடுக்க வழியில்லை. தவறிய அழைப்பு என்றால் என்னவென்று உங்களில் பலருக்கு நான் சொல்லத் தேவையில்லை.

தொலைபேசி அறையின் மறுகோடியில் கிடந்து அடித்தது. ஒப்பனைக்காரி கிளேர் வாசலில் நின்றாள். உள்ளங்கையைக் கீழே பிடித்து, விரல்களை மடக்கி மடக்கி அவளைக் கூப்பிட்டேன். எங்கள் பக்கத்தில் தவழுகிற பிள்ளையும் அதைக் கண்டு கிட்ட வரும். கிளேர் சிரித்தாள்.

“போகவா? சரி, சரி. பாய்!”

அவளும் கையசைத்துவிட்டுக் கோப்பிக்குப் போகத் திரும்பினாள். இந்த நாட்டில் அந்தச் சைகை விடைகொடுப்பது. நான் உறுமினேன்.

“அருமை! அதைக் கமராவுக்கு வைத்துக்கொள்.”

தொலைபேசி நின்றது.

சுனாமியில் கடல் ஊருக்குள் வந்த காலையில் நான் கொக்கட்டிச்சோலைக்குப் போயிருந்தேன். வாகரை வீட்டில் நின்ற மனைவியைச் சேற்றுக்குள்ளிருந்து இழுத்தெடுத்தவர்கள் வதனியும் என் தங்கையும். நான் வந்துசேர்ந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. எங்கே போனீர்கள் அப்பா என்று வதனி ஒருநாளும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் ஆறியிருப்பேன். உன்னையும் கூப்பிடுவேன் என்று சொல்லித்தான் விமானம் ஏறினேன்.

வாரை அவிழ்த்ததும் நேரே தண்ணீர்த் தொட்டிக்குக் கொண்டுபோனார்கள். இரண்டு தடவை எழும்பினேன். கரையில் நின்ற துணை நடிகர்கள் கத்திக்கொண்டு ஓடினார்கள். அது நடிப்பென்று தெரிந்தும், ஓடுகிறவர்களுக்குள் ஒரு பிள்ளையின் முகத்தைத் தேடினேன்.

மூன்றாவது தடவைக்கு முன், காவலாளியோடு இஸ்மாயில் வந்தான். காத்தான்குடிக்காரன். என்னோடு ஒரே அறையில் இருப்பவன். மூன்று பிராணிகளையும் மாறிமாறிப் பார்த்தான்.

“இதுல ஆருடா நம்மட வாத்தி?”

நான் தொட்டியிலிருந்து ஏறினேன். ஒரு எட்டுப் பின்னுக்குப் போனவன், பிறகு என் ஈரச் செதில்தோளை இரண்டு கையாலும் பிடித்தான்.

“மச்சான், புள்ள வந்திட்டாள். வாழைச்சேனையில நிக்காள், உன்ட தங்கச்சியும் சுகம். நீ எடுக்கல்ல எண்டு வீட்டு லைனுக்கு அடிச்சாள். அப்பா வேலைக்குப் போயிட்டார் எண்டன். என்ன வேலை எண்டு கேக்காள்டா. நான் என்னத்தச் சொல்ல?”