மல்லாட்டைக்கு மஞ்சத் தண்ணி

1. வேப்பிலையோடு வந்த சாம்பிள்

சாம்பிள் பையைப் பிரித்தேன். உள்ளே இருந்த கடலை மஞ்சளாக இருந்தது. பூஞ்சை பிடித்த மஞ்சள் இல்லை, சமையல்கட்டு மஞ்சள். விரலில் ஒட்டியது. மோந்து பார்த்தால் மாரியம்மன் கோயில் வாசனை. நடுவில் ஒரு வேப்பிலை வேறு ஈரமாகக் கிடந்தது.

அப்போது நான் வேங்கிக்காலில் ஒரு சின்ன தனியார் லேபில் அனலிஸ்ட். எண்ணெய், பால், மசாலாப் பொடி, கடலை என்று தின்கிற பொருள் எல்லாம் டெஸ்ட்டுக்கு வரும். இப்போது ரிட்டயர் ஆகி வீட்டில் இருக்கிறேன். லேப் வேலைக்குப் போகிற பிள்ளைகள் வந்து, "எந்த டெஸ்ட் மேடம் கஷ்டம்?" என்று கேட்கிறார்கள். டெஸ்ட்டில் என்னப்பா கஷ்டம் இருக்கிறது? மெஷின் சொல்கிறபடி கேட்கும். சாம்பிள் கொண்டு வருகிற மனுஷங்க கேட்பார்களா?

இந்த மஞ்சள் சாம்பிளைக் கொண்டு வந்தவர் ஏகாம்பரம். டவுனைத் தாண்டி சொந்த நிலம், வீட்டை ஒட்டி ஒரு குடோன். மல்லாட்டை போடுவார், விற்பார். வேர்க்கடலையை எங்கள் பக்கம் மல்லாட்டை என்றுதான் சொல்வோம். அதட்டிப் பேசத் தெரியாத மனுஷர்.

"என்ன ஏகாம்பரம் இது?"

"நீங்க சொன்னதத்தான் மேடம் செஞ்சோம்."

"நான் என்ன சொன்னேன்?"

"பேருக்கு அர்த்தம் சொன்னீங்களே."

வேப்பிலையை எடுத்து ஓரமாக வைத்துவிட்டு அவரை உட்காரச் சொன்னேன்.

2. பேருக்கு அர்த்தம்

விஷயம் இதுதான். அதற்கு முந்தின வாரம் அவர் முதல் சாம்பிளைக் கொண்டு வந்திருந்தார். ரமணாசிரமம் பக்கம் ஒரு கஃபே. அங்கே கடலையை வெண்ணெய் மாதிரி அரைத்து பாட்டிலில் போட்டு விற்கிறார்கள். கஃபேக்காரர் லேப் ரிப்போர்ட் இல்லாமல் கடலை வாங்க மாட்டேன் என்று சொல்லிவிட்டார். டெஸ்ட் போட்டேன். அஃப்ளாடாக்சின், லிமிட்டுக்கு மேலே.

ஏன் என்று எனக்கு ஆச்சரியமே இல்லை. பிடுங்குகிற நேரத்தில் மழை. பாதி காய்ந்த காய். அதை உடைக்கிற மெஷினில் போடுவதற்கு முன்னால் ராத்திரி முழுக்கத் தண்ணி தெளித்து வைத்திருக்கிறார்கள். தெளிக்காவிட்டால் பருப்பு இரண்டாக உடையும், விலை கம்மியாகும். எல்லாரும் இப்படித்தான் செய்கிறார்கள். பூஞ்சைக்கும் இதுதான் வேண்டும்.

எங்கள் டைரக்டர் என்னிடம் எப்போதும் ஒன்று சொல்வார். "மேடம், நம்ம வேலை நம்பர் குடுக்கறது. வெளக்கம் குடுத்தா அந்த வெளக்கத்துக்கு வெளக்கம் கேப்பாங்க. விடுங்க." எனக்கு அது ஆகாது. காசு கொடுத்துவிட்டு ஒரு மனுஷர் புரியாத பேரைப் பார்த்து முழித்துக்கொண்டு நிற்கிறார், எப்படிச் சும்மா அனுப்புவது? உட்காரச் சொல்லி, பேப்பரில் எழுதிக் காட்டினேன்.

"அஸ்பர்ஜில்லஸ் ஃபிளேவஸ்னு ஒரு பூஞ்சை. அதோட பேர்லேருந்து அ, ஃப்ளா ரெண்டையும் எடுத்து, டாக்சின சேத்து வெச்சிருக்காங்க. டாக்சின்னா நஞ்சு."

"அஸ்பர்... அதுக்கு என்ன மேடம் அர்த்தம்?"

அங்கேயே வாயை மூடியிருக்கலாம். ஆனால் எனக்குப் பிடித்த கதை அது. "சர்ச்சுல பாதிரியார் ஜனங்க மேல தீர்த்தம் தெளிப்பாரு பாருங்க, ஒரு குச்சி, முனையில உருண்டையா இருக்கும். இந்தப் பூஞ்சைய மைக்ராஸ்கோப்புல பாத்தா அச்சு அசலா அப்படியே இருக்கும். அதனால தீர்த்தம் தெளிக்கிற குச்சியோட பேர வெச்சாங்க. ஃபிளேவஸ்னா மஞ்சள்."

ஏகாம்பரம் பயபக்தியோடு கேட்டுக்கொண்டார். அந்தப் பேப்பரை மடித்துச் சட்டைப் பையில் வைத்தார். வீட்டுக்குப் போய் மனைவி பச்சையம்மாளிடம் ஒரு வார்த்தை விடாமல் ஒப்பித்திருக்கிறார்.

பச்சையம்மாள் சொன்னாளாம்: "தீர்த்தம் தெளிக்கணும், மஞ்சளா இருக்கணும். பேர்லயே பரிகாரம் இருக்குது. அந்த மேடம் வாய்விட்டுச் சொல்ல முடியாம ஜாடையா சொல்லி அனுப்பியிருக்காங்க. உனக்குத்தான் புரியல."

அன்றைக்குச் சாயங்காலமே குடோனில் இருந்த மூட்டை அத்தனையையும் பிரித்துக் கொட்டி, வேப்பிலையால் மஞ்சத் தண்ணி தெளித்து, கற்பூரம் காட்டி, மறுபடி கட்டி வைத்துவிட்டார்கள். அதிலிருந்து ஒரு பிடிதான் என் மேஜைக்கு வந்திருந்தது.

நான் தலையில் அடித்துக்கொண்டேன். "ஈரம் பட்டா பூஞ்சை வளரும்யா. தண்ணியே ஆகாது. போய்க் காய வைங்க."

"சரிங்க மேடம்" என்றார். அவர் எதற்கும் சரிங்க என்பார்.

3. நீலகண்டன்

டெஸ்ட் போட்டுப் பார்த்தால் முதல் தடவையைவிட ஜாஸ்தி. ரிப்போர்ட்டை வாங்கிக்கொண்டு போனவர், அடுத்த வாரம் இன்னொரு சாம்பிளோடு வந்தார். இந்த முறை இன்னும் அழுத்தமான மஞ்சள். கூடவே பச்சையம்மாளும் வந்திருந்தாள். நல்ல உயரம், கண்டாங்கிச் சேலை, கையில் சொம்பு. சொம்பில் என்ன இருக்கும் என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

"டோஸ் பத்தல போல மேடம்" என்றாள். "அதான் ரெண்டு வேளையும் தெளிச்சோம்."

"தெளிக்காதீங்கன்னு சொல்லி அனுப்பினேனே?"

"சொன்னாரு. பச்சைத் தண்ணிய சொல்லியிருப்பீங்க. இது மஞ்சத் தண்ணி."

ரிசல்ட்டைப் பற்றிக் கேட்காதீர்கள். மெஷினே பயந்திருக்கும். வாயால் சொல்லிப் பிரயோஜனமில்லை, கண்ணால் காட்டலாம் என்று இரண்டு பேரையும் உள்ளே கூட்டிப்போனேன். நஞ்சைப் பிரித்தெடுத்து ஒரு தட்டில் ஓடவிட்டு, இருட்டுப் பெட்டியில் யூவி லைட்டுக்குக் கீழே வைத்தால் அது மின்னும். குனிந்து பார்க்கச் சொன்னேன்.

ஏகாம்பரம் பார்த்துவிட்டு நிமிர்ந்தார். "மஞ்சள்னீங்க. நீலமா இருக்குது?"

"பூஞ்சை மஞ்சள். நஞ்சு நீலமா மின்னும். அதனாலதான் இதுக்கு பி ஒன்னுன்னு பேரு. பி-ன்னா ப்ளூ."

சொல்லி முடித்த பிறகுதான் உறைத்தது, மறுபடியும் ஒரு பேருக்கு அர்த்தம் சொல்லிவிட்டேன் என்று. பச்சையம்மாள் பெட்டியைப் பார்த்துக் கன்னத்தில் போட்டுக்கொண்டாள்.

"விஷம், அதுவும் நீலம். அண்ணாமலையாரு தொண்டையில இருக்கறதே அதான மேடம். ஆலகாலத்தையே முழுங்கினவருக்கு எங்க நாலு மூட்டை மல்லாட்ட எம்மாத்திரம்? அவரு பேர சொல்லிக் குடுத்தா ஒண்ணும் ஆவாது."

"யாருக்குக் குடுக்கப் போறீங்க?"

"கிரிவலம் சுத்தற ஜனங்களுக்கு. வர்ற பௌர்ணமிக்கு. வேண்டுதல்."

அப்போதுதான் முழுக்கதையும் வெளியே வந்தது. கஃபேக்காரர் வேண்டாம் என்று சொன்னதும், இந்தக் கடலை சாமிக்கென்று எடுத்து வைத்ததாக இவள் முடிவு கட்டிவிட்டாள். சொந்த நிலத்தில் விளைந்த மல்லாட்டையை வறுத்து, வெல்லப் பாகில் உருண்டை பிடித்து, மலை சுற்றுகிறவர்களுக்குத் தன் கையால் கொடுப்பதாக ஏற்கெனவே வேண்டிக்கொண்டிருந்தாளாம். பௌர்ணமிக்கு எங்கள் ஊரில் எத்தனை ஜனம் நடக்கும் என்று உங்களுக்கே தெரியும். அதில் பாதிப் பேர் கையில் குழந்தை.

"வறுத்தா போவாதா மேடம்?" இது ஏகாம்பரம்.

"போவாது. பாகு காச்சினாலும் போவாது."

"சாமி பேரு..."

எனக்குக் கோபம் வந்துவிட்டது. "சாமி தான் ஒருத்தரா முழுங்கினாரும்மா. உருண்டை புடிச்சு ஊருக்குக் குடுக்கல."

பச்சையம்மாளுக்கும் கோபம். சொம்பை எடுத்துக்கொண்டு விறுவிறுவென்று போய்விட்டாள். டைரக்டர் ரூமிலிருந்து எட்டிப் பார்த்தார். "வெளக்கம் குடுத்தீங்களா மேடம்?" என்றார். 

4. சூடாக இருந்த மூட்டை

இரண்டு நாள் யோசித்தேன். ஃபுட் சேஃப்டி ஆபீஸருக்கு போன் போட்டால் மூட்டையைச் சீல் வைத்துவிடுவார்கள், அது நிச்சயம். ஆனால் அந்தப் பொம்பளை சாமி காரியத்தைத் தடுத்ததாக நினைத்து, வேறு எங்காவது ஒளித்து வைத்து உருண்டை பிடிப்பாள், அதுவும் நிச்சயம். பௌர்ணமிக்கு முந்தின வாரம் அவர்கள் வீட்டுக்கே போனேன்.

குடோனைத் திறந்தார் ஏகாம்பரம். ஒரு மூட்டையைப் பிரிக்கச் சொல்லிக் கையை உள்ளே விட்டேன். ஜுரம் வந்த பிள்ளை நெற்றி மாதிரி சுட்டது. மேலே மஞ்சள், உள்ளே பச்சையும் மஞ்சளுமாகப் பொடி பூத்திருந்தது. பச்சையம்மாள் வாசற்படியிலேயே நின்றாள். உட்காரச் சொல்லவில்லை. காலேஜ் படிக்கிற அவள் பெண் திவ்யாதான் தண்ணி கொண்டு வந்து கொடுத்தாள். வத்தலாக இருந்தாள். கண்ணுக்குக் கீழே கருப்பு.

"யாருக்கும்மா வேண்டுதல்?" என்று கேட்டேன்.

 பச்சையம்மாள் பெண்ணைக் காட்டினாள். "இவளுக்குத்தான். போன வருஷம் காமால வந்து படுத்துட்டா. ஆஸ்பத்திரியில கல்லீரல் கெட்டுப்போச்சு, சொல்ல முடியாதுன்னுட்டாங்க. அண்ணாமலையார்கிட்ட அழுதேன். பொழச்சு வந்தா."

 இத்தனை நாளாக இந்த மனுஷிக்கு என்னென்னவோ சொல்லியிருக்கிறேன். பாதிரியார் கதை சொன்னேன், மஞ்சள் சொன்னேன், நீலம் சொன்னேன். சொல்ல வேண்டிய ஒன்றைச் சொல்லவே இல்லை.

"பச்சையம்மா, இந்த நஞ்சு உள்ள போனா எங்க போய் உக்காரும் தெரியுமா?"

"எங்க?"

"கல்லீரல்ல."

அவள் பெண்ணைப் பார்த்தாள். மூட்டையைப் பார்த்தாள். அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.  ஏகாம்பரம்தான் கடைசியில் தயங்கித் தயங்கிக் கேட்டார்.

"மாட்டுக்காவது போட்டுடலாமா மேடம்?"

"மாடு தின்னா பால்ல வரும். அதுக்கு எம் ஒன்னுன்னு பேரு."

"அதுக்கும் பேரு இருக்குதா? எம்முன்னா..."

"அர்த்தம் கேக்காதீங்க" என்றேன்.

குழி வெட்டி அத்தனையையும் கொட்டி எரித்தார்கள். பச்சையம்மாள் பக்கத்திலேயே நின்று பார்த்தாள். கடையில் நல்ல கடலை வாங்கிக்கொள்ளுங்கள் என்றேன். தலையை ஆட்டினாள். "நம்ம மண்ணுல வெளஞ்சதுன்னு சொல்லி வேண்டினேன். வாங்கிக் குடுத்தா ஆவாது." பிறகு புருஷன் முகத்தைப் பார்க்காமல் சொன்னாள். "வெதைக்கு வெச்சது இருக்குது."

ஏகாம்பரத்துக்கு முகம் செத்துப்போனது. அடுத்த பட்டத்துக்கு எடுத்து வைத்த காய். அதை நன்றாகக் காய வைத்து, ஓட்டோடு பரணில் தனியாக வைத்திருந்தார்கள். அதன்மேல் ஒரு சொட்டுத் தண்ணி பட்டதில்லை. விதைக் கடலையைத் தின்னக் கொடுப்பது என்றால் ஒரு விவசாயிக்கு என்ன என்று நான் சொல்லத் தேவையில்லை. அவர் ரொம்ப நேரம் பரணையே பார்த்துக்கொண்டு நின்றார். அப்புறம், "சரி" என்றார். இந்தத் தடவை சொன்ன சரி வேறு.

மெஷினில் போடவில்லை. மூன்று பேரும் உட்கார்ந்து கையாலேயே உடைத்து, சுருங்கினது, நிறம் மாறினது எல்லாவற்றையும் பொறுக்கிப் போட்டுவிட்டு, சாம்பிள் கொண்டு வந்தார்கள். டெஸ்ட் போட்டேன். அஃப்ளாடாக்சின் இல்லை. சந்தேகத்துக்கு இன்னொரு தடவையும் போட்டேன். இல்லை.

5. பௌர்ணமி

கிரிவலப் பாதையில் ஓரமாகப் பந்தல். நிலா எழும்பும்போதே ஜனம் நெருக்கியடித்தது. என் ரிப்போர்ட்டை லேமினேட் போட்டு, சாமி படத்துக்குப் பக்கத்தில் மாலை போட்டு மாட்டியிருந்தார்கள். போகிற வருகிறவர்கள் அதையும் தொட்டுக் கும்பிட்டார்கள். ஒரு அம்மா என் கையெழுத்து இருந்த இடத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள்.

திவ்யா கையில் மைக். "அஃப்ளாடாக்சின் இல்லாத கடலை உருண்டை, வாங்கிக்குங்க" என்று ஆரம்பித்தாள். அரை மணி நேரத்தில் தொண்டை கட்டிப்போய், "அஃப்ளாடாக்சின் உருண்டை, அஃப்ளாடாக்சின் உருண்டை" என்று சுருக்கிவிட்டாள். கூட்டம் இன்னும் ஜாஸ்தியானது. வேலூரிலிருந்து வந்த ஒருவர் என்னிடம், "இது சுகருக்கு நல்லதாமே?" என்று கேட்டார். வீட்டில் செய்ய அந்த அஃப்ளாடாக்சின் எந்தக் கடையில் கிடைக்கும் என்று கேட்டார் இன்னொருவர். நான் மைக்கைப் பிடுங்கப் போனேன். பிறகு விட்டுவிட்டேன். மைக்கில் நான் வாயைத் திறந்தால் அர்த்தம் சொல்ல ஆரம்பித்துவிடுவேன்.

உருண்டை தீரப்போகிற நேரத்தில்தான் கவனித்தேன். ஊருக்கே கொடுத்த பச்சையம்மாள், திவ்யாவுக்கு ஒன்றும் கொடுக்கவில்லை. அவள் கை நீட்டினபோதும் இரண்டு தடவை தட்டிவிட்டாள்.

"ஏம்மா, வேண்டுதலே அவளுக்குத்தானே?"

"பயமா இருக்குது மேடம்."

"ரிப்போர்ட் மாட்டி வெச்சிருக்கியே. இத்தன பேருக்குக் குடுத்தியே."

"ஊருக்கு ரிப்போர்ட் போதும் மேடம். என் பொண்ணுக்குப் பத்தல."

கோபம் வரவேண்டிய இடம். வரவில்லை. அந்த வாசற்படியில் ஒரே வார்த்தையில் அவளுக்கு நான் ஏற்றின பயம் அது. அதை ஒரு காகிதம் இறக்குமா? தட்டிலிருந்து ஒரு உருண்டையை எடுத்தேன். இரண்டாகப் பிட்டேன். ஒரு பாதியை அவள் கண் முன்னால் என் வாயில் போட்டு மென்று முழுங்கினேன். மறுபாதியைத் திவ்யாவிடம் நீட்டினேன்.

பச்சையம்மாள் தடுக்கவில்லை. என் தொண்டையையே பார்த்துக்கொண்டிருந்தாள். திவ்யா தின்றாள்.

"வெல்லம் ஜாஸ்திம்மா" என்றாள்.

பச்சையம்மாள் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுதாள். சிரித்தாளோ என்னவோ, கூட்டத்தில் தெரியவில்லை.

லேப் வேலைக்குப் போகிற பிள்ளைகளே, நீங்கள் பேருக்கு அர்த்தம் சொல்லுங்கள், வேண்டாம் என்று சொல்ல மாட்டேன். ஆனால் அது உடம்பில் எங்கே போகும் என்பதை முதலில் சொல்லுங்கள். அப்புறம், எந்த ரிப்போர்ட்டில் கையெழுத்துப் போட்டாலும், அந்தப் பொருளில் பாதியை நீங்கள் தின்றுவிட்டு மீதியை அடுத்த வீட்டுப் பிள்ளைக்குக் கொடுப்பீர்களா என்று கேட்டுக்கொண்டு போடுங்கள்.