ஞாயிற்றுக்கிழமைச் சந்தேகக்காரர்

காஸ்பார் லபோரி தன் கல்யாணத்தன்றே சந்தேகப்பட்ட ஆள். நகரசபையில் மேயர் மூவர்ணப் பட்டையை மார்பில் குறுக்கே மாட்டிக்கொண்டு, ஓதெத்தை மனைவியாக ஏற்கிறாயா என்று கேட்டபோது, "அப்படித்தான் நினைக்கிறேன்" என்றாராம். மேயர் பேனாவைக் கீழே வைத்துவிட்டார்.

"தம்பி, நினைக்கிறதையெல்லாம் வீட்டுல போய் வச்சுக்கோ. இங்க ஆமான்னு சொன்னாத்தான் கல்யாணம்."

ஓதெத் அவர் காலை மிதித்த பிறகுதான் அந்த 'ஆமாம்' வெளியே வந்தது. அவளே இதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பாள்.

எங்கள் ஊர் பிரான்சில் தோர்தோன் ஆற்றங்கரையில் இருக்கிறது. என் காப்பிக் கடைக்கு நேர் எதிரே காஸ்பாரின் மூக்குக்கண்ணாடிக் கடை. கண் பரிசோதிக்க வருபவர்களை அவர் படுத்திய பாடு ஊருக்கே தெரியும். "தெரியுதுன்னு சொல்றீங்க. நிஜமாவே தெரியுதா, இல்ல போன தடவை பார்த்த எழுத்து ஞாபகத்துல இருக்கா?" என்று குடைவார். என்னையும் குடைந்திருக்கிறார். "மிரேய், உனக்கு மங்கலா தெரியுதுன்னு உனக்கு எப்படித் தெரியும்?" என்றார் ஒருமுறை. காசு கொடுத்துக் கண்ணாடி போட வந்தவளிடம் கேட்கிற கேள்வியா அது?

எல்லாம் படித்த படிப்பு. நானூறு வருஷங்களுக்கு முன்பு எங்கள் பக்கத்துக் கனவான் ஒருவர் கோபுரத்தில் புத்தகங்களோடு உட்கார்ந்து, 'எனக்கு என்ன தெரியும்?' என்று தன்னையே கேட்டுக் கேட்டு எழுதி வைத்துவிட்டுப் போனார். அந்தப் புத்தகம் காஸ்பாரின் கோட்டுப் பையில் எப்போதும் கிடக்கும். நாவல் படித்தாலும் போலீஸ்காரர் வாக்குமூலம் படிப்பதுபோலத்தான் படிப்பார். கதை சொல்கிறவன் எங்கே மழுப்புகிறான், யாரை நல்லவனாகக் காட்டப் பார்க்கிறான் என்று பென்சிலால் கோடு போட்டுக்கொண்டே போவார். ஒரு நாவலைப் படித்து அவர் அழுது நான் பார்த்ததில்லை.

கடையை மகளிடம் கொடுத்த பிறகு, என் கடையில் ஞாயிறு காலைக் கூட்டத்தை ஆரம்பித்தார். பிரான்சு முழுக்க இந்தப் பித்து பிடித்திருந்த காலம். காப்பியும் தத்துவமும். வந்தவர்களில் யாராவது ஒரு கேள்வியை முன்வைக்க வேண்டும். கை தூக்கி ஓட்டெடுத்து ஒன்றைத் தேர்ந்து, மதியச் சாப்பாடு வரை பேசுவார்கள். முதல் மாதமே எங்கள் மருந்துக்கடைக்காரர், அன்பைப் பற்றிய கேள்வி என்ற பெயரில், தன்னை விட்டுப் போன மனைவியைப் பற்றி ஒரு காலை முழுக்கப் புலம்பித் தீர்த்தார். அதற்குப் பிறகு காஸ்பார் ஒரு விதி போட்டார். இங்கே யாரும் 'நான்' என்று சொல்லக் கூடாது. சொந்தக் கதை கூடாது. எதையும் பொதுவாகத்தான் கேட்க வேண்டும், பொதுவாகத்தான் பேச வேண்டும். எல்லாருக்கும் அது பிடித்திருந்தது, மருந்துக்கடைக்காரரைத் தவிர.

நவம்பரில் ஒரு ஞாயிறு. ஆற்றுக்கு அக்கரையிலிருந்து புதிதாக ஒருவர் வந்திருந்தார். எழுபது வயதிருக்கும். தலையை நனைத்து வாரி, பழைய கோட்டுக்கு இஸ்திரி போட்டு, காகிதம் சுற்றிய வைன் பாட்டில் ஒன்றை மடியில் வைத்துக்கொண்டு ஓரமாக உட்கார்ந்தார். பெயர் ஓபான் என்றார். பள்ளிக்கூடப் பேருந்து ஓட்டியவராம். காஸ்பார் விதியைச் சொல்லி, யாரிடம் கேள்வி இருக்கிறது என்று கேட்டதும் அவர் கை மெதுவாக மேலே போனது.

"ஒருத்தர் இன்னொருத்தரை மன்னிச்சிட்டேன்னு சொன்னா, அது நிஜமான்னு எப்படித் தெரிஞ்சுக்கறது?"

காஸ்பாரின் முகம் மலர்ந்துபோனது. "பிரமாதம்! இதுக்குத்தான்யா இத்தனை நாள் காத்திருந்தேன்." முப்பது கைகளும் மேலே போயின.

அன்றைக்குப் போல அவர் பேசி நான் கேட்டதில்லை. நாவல்களில் வருகிற மன்னிப்புகளை ஒவ்வொன்றாக எடுத்துப் போட்டு உரித்தார். ஒருவன் மன்னிப்பது தன்னைப் பெரிய மனிதனாகக் காட்டிக்கொள்ள. இன்னொருவன் மன்னிப்பது பழிவாங்கத் தெம்பில்லாததால். ஒருத்தி மன்னித்துவிட்டுக் காலமெல்லாம் அதைச் சொல்லிக் காட்டியே கொல்கிறாள். பள்ளிக்கூட ஆசிரியை குறுக்கே புகுந்து, "சாப்பிடக் கூப்பிட்டு உட்கார வச்சு அவமானப்படுத்தற கதையெல்லாம் இருக்கே" என்றாள். எல்லாரும் சிரித்தார்கள். ஓபானும் கொஞ்சம் சிரித்தார். கடைசியில் காஸ்பார் எழுந்து முடித்து வைத்தார்.

"மன்னித்தேன் என்பது ஒரு வார்த்தை. அந்த வார்த்தைக்குப் பின்னால் போய்ப் பார்த்துவிட்டு வந்தவர் யாரும் கிடையாது. ஆகவே நண்பர்களே, அறிவுள்ளவன் செய்ய வேண்டியது, தீர்ப்பை நிறுத்தி வைப்பது."

ஒரே கைதட்டல். ஓபானும் தட்டினார். பிறகு பாட்டிலை எடுத்துக்கொண்டு வெளியே போனார். பாலத்தருகே கொஞ்ச நேரம் நின்றவர், பாலத்தைக் கடந்து வந்த வழியே திரும்பிவிட்டார். நான் மேசைகளைத் துடைத்துக்கொண்டிருந்தேன்.

புதன்கிழமை சந்தை நாள். ஓபான் காய்கறிப் பையோடு என் கடைக்கு வந்தார். அங்கே காப்பி குடித்துக்கொண்டிருந்த காஸ்பார் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு அவர் எதிரே உட்கார்ந்தார்.

"வாங்க, வாங்க. உங்க கேள்வியை ஊரே இன்னும் பேசுது. எங்க பிடிச்சீங்க அதை? ஏதாவது புத்தகத்துலயா?"

"எங்க அண்ணன்கிட்ட" என்றார் ஓபான்.

மெல்ல மெல்ல எல்லாம் வந்தது. அண்ணன் லெயோன்ஸ் சரக்குக் கப்பலில் வேலை பார்த்தவர். அவர் கடலில் இருந்தபோது ஓபான் அம்மாவை முதியோர் இல்லத்தில் சேர்த்துவிட்டார். அங்கேயே அவள் போய்ச் சேர்ந்தாள். பதினோரு வருஷமாக அண்ணன் பேச்சை நிறுத்திவிட்டார். திடீரென்று போன வாரம் தொலைபேசியில் கூப்பிட்டு, "நடந்தது நடந்துபோச்சு, மன்னிச்சிட்டேன், ஞாயித்துக்கிழமை மத்தியானம் சாப்பிட வா" என்றாராம்.

"போறதா வேண்டாமான்னு ஒரே குழப்பம். அவர் வீட்டுக்குக் கிளம்பி வர்ற வழியில இந்தக் கடை வாசல்ல போட்டிருந்த அறிவிப்பைப் பார்த்தேன். படிச்சவங்க நாலு பேர் பேசுறாங்களே, கேட்டுட்டுப் போவோம்னு உள்ள வந்தேன். நீங்க பேசினதெல்லாம் நியாயமாத்தான் பட்டுது. அதான் வீட்டுக்குப் போயிட்டேன். இப்ப போன் பண்ணினா எடுக்க மாட்டேங்கிறாரு."

இதைக் குற்றமாகக்கூட அவர் சொல்லவில்லை. நன்றி சொல்கிற குரலில்தான் சொன்னார். அதுதான் தாங்க முடியவில்லை. காஸ்பாரின் காது மடல் வரை சிவந்துபோனது. எதிரே இருந்தவர் கண்ணைப் பார்க்க முடியாமல் மேசையையே பார்த்துக்கொண்டிருந்தார். இத்தனை வருஷம் ஊரில் உள்ளவன் கண்ணையெல்லாம் பார்த்த மனுஷன்.

ஓபான் போன பிறகு என் அருகே வந்து, "என்னை அந்த அண்ணன் வீட்டுக்குக் கூட்டிட்டுப் போறியா, மிரேய்?" என்றார்.

"போய் என்ன சொல்லப் போறீங்க?"

"தப்பு என்னோடதுன்னு சொல்லணும். வெட்கமா இருக்கு. ரொம்ப வெட்கமா இருக்கு."

எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது, அவர் மேல் மட்டுமல்ல. மடியில் பாட்டிலோடு, தலை வாரி வந்த மனுஷனைப் பார்த்து, நீங்கள் எங்கே கிளம்பினீர்கள் என்று கேட்க எங்களில் ஒரு வாய்கூடவா இல்லை? கடையைச் சாத்திவிட்டு வண்டியை எடுத்தேன்.

லெயோன்ஸ் தனியாள். கதவைத் திறந்தவர், ஓபானின் பெயரைக் கேட்டதும் கதவை விட்டுவிட்டு உள்ளே நடந்தார். நாங்கள் பின்னாலேயே போனோம். மேசையில் பூவேலை செய்த வெள்ளை விரிப்பு, மடிப்புக்கூட இன்னும் கலையவில்லை. எதிரெதிரே இரண்டு தட்டு, இரண்டு கோப்பை. மூன்று நாளாக அவர் எதையும் எடுத்து வைக்கவில்லை. அடுப்படியில் பெரிய வாணலியில் ஆட்டுத் தொடைக் கறியும் மொச்சையும் உறைந்து கிடந்தன.

"அம்மாவோட விரிப்பு" என்றார் அவர். "அவ போனதுக்கப்புறம் இப்பத்தான் பிரிச்சேன்."

காஸ்பார் நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னார். கேள்வி, ஓட்டு, சிரிப்பு, கைதட்டல், எதையும் மறைக்கவில்லை. சொல்லச் சொல்லக் குரல் உள்ளே போய்க்கொண்டே இருந்தது.

"ஆக, நான் சொன்னது நிஜமா பொய்யான்னு நீங்கல்லாம் காப்பி குடிச்சுக்கிட்டே பேசியிருக்கீங்க."

"உங்களைப் பத்தின்னு தெரியாது. பொதுவா…"

"முப்பது பேர்ல ஒருத்தராவது, ஒரு எட்டு போய்ப் பார்த்துட்டு வாயேன்பான்னு சொன்னாங்களா?"

"இல்லை."

லெயோன்ஸ் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டார்.

"நான் போய் உங்க தம்பியைக் கூட்டிட்டு வரேன்" என்றார் காஸ்பார். "இப்பவே. நானே விளக்கிச் சொல்றேன்."

"வேண்டாங்க. வந்தாலும் இனிமே அவன் என் முகத்தையே பார்த்துக்கிட்டுச் சாப்பிடுவான். ஒவ்வொரு வாய்க்கும் நிமிர்ந்து பார்ப்பான், உள்ள என்ன வச்சிருக்கேன்னு. என்னால அதைத் தாங்க முடியாது. ஒரு தடவை மனசைத் திருப்பவே எனக்குப் பதினோரு வருஷம் ஆச்சு."

லெயோன்ஸ் திடீரென்று காஸ்பார் பக்கம் திரும்பினார்.

"நீங்க படிச்சவரு. இதோ உங்க எதிர்ல நிக்கிறேன், நல்லாப் பாருங்க. நான் அவனை மன்னிச்சிருந்தேனா, இல்லையா?"

காஸ்பார் அவரைப் பார்த்தார். பிறகு அந்த இரண்டு தட்டுகளையும் பார்த்தார். கண்ணில் தண்ணீர் முட்டிக்கொண்டு நின்றது.

"மன்னிச்சிருந்தீங்க."

"நிச்சயமா?"

"நிச்சயமா. சத்தியமா."

"இதை ஞாயித்துக்கிழமை அவன்கிட்ட சொல்லியிருக்கலாமே" என்றார் லெயோன்ஸ். "அதைக் கேட்கத்தானே வந்தான்."

அவர் எங்களைப் போகச் சொல்லவில்லை. காஸ்பாரால்தான் அங்கே நிற்க முடியவில்லை.