சுவரைப் பார்த்திருந்த வாளி

என் கையெழுத்தைப் படிக்கச் சிரமப்படும் அச்சகத்தார் மன்னிக்க வேண்டும். சின்ன ர எங்கே, பெரிய ற எங்கே என்பதில் இன்றும் தடுமாறுகிறேன். தோட்டத்துப் பள்ளியில் ஆறாம் வகுப்போடு நின்றவன் நான். அந்த ஆறு வகுப்பும் எனக்கு யாரால் கிடைத்தது என்று சொல்லத்தான் எழுதுகிறேன்.

ஈப்போவின் புந்தோங்கில் அத்தை வீட்டு வாசலில் ஒரு பழைய வாளி இருக்கிறது. ரப்பர் பால் சுமந்த வாளி. இப்போது அதில் கறிவேப்பிலைச் செடி நிற்கிறது. அதன் ஒரு பக்கம் பாதம் அளவுக்கு நசுங்கியிருக்கும். அந்தப் பக்கத்தை அத்தை எப்போதும் சுவரைப் பார்த்தே வைத்திருப்பார். அத்தை எனக்கு இரத்த உறவில்லை, சுங்காய்ப் பக்கம் நாங்கள் இருந்த தோட்டத்தில் அடுத்த வீடு. அவர் கணவர் அங்கே மண்டோர், வேலையாட்களை மேற்பார்வை பார்த்தவர்.

பால்மரம் வெட்டப் போகும் பெண்கள் கைக்குழந்தையை மரத்தடியில் சேலையால் ஏணை கட்டிப் போடுவார்கள், அல்லது மூத்த பிள்ளையிடம் விட்டுப் போவார்கள். எங்கள் வீட்டில் அந்த மூத்த பிள்ளை நான். தங்கையை இடுப்பில் வைத்துக்கொண்டு பள்ளிக்கூட வேலிக்கு வெளியே நிற்பேன். ஒருநாள் ஓர் ஏணைக்கு அடியில் பாம்பு கிடந்தது. மறுநாள் பால் நிறுக்கும் கொட்டகை வாசலில் அத்தை தன் பாலைத் தரையில் ஊற்றிவிட்டு, வாளியைக் கவிழ்த்து அதன்மேல் உட்கார்ந்துவிட்டார். பிள்ளைகளுக்கு ஒரு கொட்டகையும், பார்த்துக்கொள்ள ஓர் ஆளும் வேண்டும் என்றார். மற்றப் பெண்களும் வாளிகளை இறக்கினார்கள். வெயில் ஏறினால் பால் உறைந்துவிடும். தோட்ட நிர்வாகியான தொரை மண்டோரைப் பார்த்தார். மண்டோர் வந்து மனைவியின் கையைப் பிடித்து இழுத்தார். அசையவில்லை என்றதும் வாளியை உதைத்தார். அத்தை சரிந்து விழுந்தார். எழுந்து, அதே வாளியைக் கவிழ்த்துப் போட்டு மறுபடியும் உட்கார்ந்தார்.

"நல்லா ஒதைங்க, தகரந்தானே. கொட்டாய் வந்தாத்தான் எந்திரிப்பேன்."

கொட்டகை வந்தது. தங்கை அங்கே போனாள். நான் வேலிக்கு உள்ளே போனேன்.

இப்போது ஈப்போவில் பள்ளி வேன் ஓட்டுகிறேன். ஞாயிறுதோறும் நூலகத்தில் ஒரு குழு கூடுகிறது. யாரும் எழுதாமல் விட்ட பெண்களைப் பற்றி இணையக் கலைக்களஞ்சியத்தில் எழுதுவது அவர்கள் வேலை. மகளை இறக்கிவிடப் போன என்னையும் குழுவை நடத்தும் ஆசிரியை உட்காரச் சொன்னார். கூச்சத்தோடு அத்தையைப் பற்றி எழுத ஒப்புக்கொண்டேன். அச்சில் வந்த ஆதாரம் ஒன்று வேண்டும் என்றார்கள். தேடியதில் கிடைத்தது ஒரு கோயில் விழா மலர் மட்டும். மண்டோர் இறந்த பிறகு அவரைப் புகழ்ந்து எழுதிய பக்கம் அதில் இருந்தது. பிள்ளைக் கொட்டகையை அவர்தான் கேட்டு வாங்கினார், மனைவி உறுதுணையாக இருந்தார் என்று போட்டிருந்தது. பொய் என்று எனக்குத் தெரியும். ஆனாலும் இறந்தவரைக் குறை சொல்வானேன் என்று அதையே ஒரு விரலால் தட்டி ஏற்றினேன்.

பெருமையாக அத்தையிடம் போய்ப் படித்தும் காட்டினேன். கண்ணை மூடிக் கேட்டார்.

"யாரு கதைடா இது? எம் புருசன் கதையா? நல்லா இருக்குலா. இவ்ளோ நல்லது செஞ்சோம்னு அந்த மனுசனே தெரியாம போய்ட்டாரே!"

சிரித்தார். நானும் அசட்டுத்தனமாகச் சிரித்தேன்.

"புக்குல அப்படித்தான் அத்தே போட்டிருக்கு."

"புக்குல இல்லேன்னா நான் விழலையாடா?"

அவர் பெற்றுத் தந்த படிப்பை வைத்து நான் எழுதிய முதல் கட்டுரையில் அவரையே வேலிக்கு வெளியே நிறுத்திவிட்டேன். அன்றே திருத்தியிருக்கலாம். ஆனால் வாசலில் அவர் மகன் என் தோளில் கை போட்டான். "அப்பா பேரு உலகம் பூரா வந்திருச்சி மச்சான்! வா, தே தாரேக் குடிக்கலாம்." கடையில் தேநீர் குடித்தேன். அவன் முகத்துக்கு அஞ்சி மாதக்கணக்கில் நூலகத்துக்குள்ளேயே போகவில்லை. மகளை இறக்கிவிட்டு வேனிலேயே உட்கார்ந்திருப்பேன்.

ஒருநாள் ஆசிரியை வேனுக்கே வந்துவிட்டார். எல்லாவற்றையும் சொன்னேன். "நீங்க கண்ணால பாத்தவர்தானே அண்ணே. உங்க பேருல எழுதிக் குடுங்க, ஏதாவது இதழ்ல வரட்டும். அப்புறம் திருத்தலாம்" என்றார்.

நேற்று அத்தையிடம் போய், நடந்ததை நடந்தபடி எழுதப்போகிறேன் என்றேன். உள்ளேயிருந்து மகன் வந்தான். "செத்துப்போன மனுசன ஏன் மச்சான் இழுக்கிறே?" என்றான். நான் தலையைக் குனிந்துகொண்டேன். அத்தை வாளியிடம் போனார். கைத்தடியைச் சுவரில் சாய்த்தார். குனிந்து இரண்டு கையாலும் வாளியைப் பிடித்தார். மண்ணோடு கனத்தது, நான் ஓடிப்போய்க் கை கொடுத்தபோது தட்டிவிட்டார். கொஞ்சம் கொஞ்சமாகத் திருப்பி, நசுங்கிய பக்கத்தைத் தெருவைப் பார்த்து வைத்தார்.

"இப்ப படம் எடு."

கணவரின் மானத்துக்காக இத்தனை காலம் அதை அவர் மறைத்து வைத்தார். நான் யாருக்காக மறைத்தேன்? படம் கொஞ்சம் ஆடித்தான் விழுந்திருக்கிறது. இத்துடன் அனுப்புகிறேன்.

புந்தோங், பங்குனி உத்திரத்துக்கு மறுநாள்.