ஆதரித்த குடைகள்

நகர மன்றக் கூட்டங்களில் நடப்பதை இருபத்தாறு வருடமாக எழுதி வந்தவரை ஊரே மினிட்ஸ் அக்கா என்றுதான் அழைத்தது. அவருடைய பதிவேட்டில் யாரும் யாரையும் திட்டியதில்லை. நாற்காலியே பறந்தாலும் அவர் பேனாவில் அது 'கருத்துப் பரிமாற்றம்'.

முந்தைய தலைவர் காலத்தில் உறுப்பினர்கள் அவைக்குள் கடித்துக் குதறிக்கொள்வார்கள். வெளியே வந்ததும் ஒரே சிகரெட்டை மாற்றி மாற்றி இழுப்பார்கள். அந்தத் தலைவருக்கு அடிக்கடி கழிப்பறைக்கு ஓடும் உபாதை. அதனால் ஒரு விதி போட்டார்: நாற்காலியில் குடை தொங்கினால் ஆள் அவையில் இருப்பதாகக் கணக்கு. அந்த விதியை இன்றுவரை யாரும் நீக்கவில்லை. அக்காவைத் தவிர யாரும் படித்ததுமில்லை.

இப்போது இரண்டு கட்சிகள், கட்சிக்கு ஆறு பேர். இவர் தும்மினால் அவர் கண்டனத் தீர்மானம் கொண்டுவருவார். நடுவில், சீட்டுக் குலுக்கித் தலைவரானவர்.

அன்று கடைசிக் கூட்டம். பிரசவ ஆஸ்பத்திரிக்குப் போகும் பாலத்தைச் சரிசெய்யும் தீர்மானம் அன்று தவறினால், இனி தேர்தலுக்குப் பிறகுதான். அக்காவின் மகளுக்கு எட்டாம் மாதம்.

"பாலம் உடைஞ்சது உங்க காலத்துலதானேய்யா?"

"உடைஞ்சது எங்க காலம். விரிசல் விட்டது உங்க காலம்."

இரு தரப்பும் ஒரே நேரத்தில் வெளிநடப்பு. வாசலோ ஒன்றுதான், யார் முதலில் வெளிநடப்பது என்று அங்கே தனிச் சண்டை. வெளியே கொட்டும் மழை. வராந்தாவில் ஒண்டிக்கொண்டு கோஷம் போட்டார்கள்.

தலைவர் கோப்பை மூடினார். "அவ்வளவுதாங்க்கா. ஆளே இல்லையே."

"குடை இருக்கு சார்." அக்கா பழைய பதிவேட்டைப் பிரித்து நீட்டினார்.

பதினொரு நாற்காலியில் பதினொரு குடைகள். மழைக்கோட்டில் வந்த ஒருவர் மட்டும் ஆப்சென்ட். தலைவர் விதியை இரண்டு முறை படித்தார், தொண்டையைச் செருமினார், பதவிக்கு வந்த பின் முதன்முறையாகத் தலைவரானார்.

"பாலத் தீர்மானத்துக்கு ஆட்சேபணை உண்டா?"

குடைகள் சொட்டின. ஒன்றும் வாய் திறக்கவில்லை.

குடை எடுக்க வந்த உறுப்பினர் ஒருவர் விஷயம் கேட்டுக் கொதித்தார். "நான் இல்லாதப்ப எனக்குப் பதிலா யாரு அக்கா ஓட்டுப் போட்டது?"

"உங்க குடைதான் தம்பி. வேணாம்னா ஆப்சென்ட் போட்டுடறேன். ஏற்கெனவே ரெண்டு தடவ வரல. மூணாச்சுன்னா தேர்தல்ல நிக்க முடியாது."

அவர் குடையை ஒருமுறை தடவிக்கொடுத்தார். "அப்ப முதல்ல ஆதரிச்சது என் குடைன்னு எழுதுங்க."

"அதெப்படி? எங்க குடைதானே முன்வரிசை?" என்றது எதிர்த்தரப்பு.

சத்தம் கூரையைத் தொட்டது. அக்கா நிதானமாக எழுதினார்: 'கருத்துப் பரிமாற்றத்துடன், ஏகமனதாக நிறைவேறியது.'